கவிதையிலிருந்து தொடங்குங்கள்
மேற்கத்தியக் குரலிசை பயிலும் தமிழ் மாணவர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்பு மாணவர்களே,

சென்னையிலும் கொழும்பிலும் கடல் கடந்த ஊர்களிலும் பியானோவுக்குப் பக்கத்தில் நின்று பாடப் பழகிக்கொண்டிருக்கும் உங்கள் எல்லோருக்கும் சேர்த்து இதை எழுதுகிறேன். உங்களைப் போன்றவர்களுக்குத் துணை வாசிப்பதுதான் என் வேலை. தேர்வுக்கோ மேடைக்கோ நீங்கள் எடுத்துவரும் பாடல்களில் ஒரு பிரெஞ்சுப் பாட்டு அநேகமாக இருக்கும். பெரும்பாலும் அது ஃபோரேயுடையது; சில சமயம் துபார்க், ரெனால்தோ ஆன். குரல் பழகியிருக்கும், சுருதி சேர்ந்திருக்கும். ஆனால், இந்த வரியில் யார் யாரிடம் பேசுகிறார்கள் என்று கேட்டால் பதில் வராது. ஒலிப்பதிவைக் கேட்டு உச்சரிப்பை மட்டும் எழுத்துக்கூட்டி மனப்பாடம் செய்திருப்பீர்கள். ஜெர்மன் பாட்டென்றால் அகராதியைப் புரட்டுகிறவர்கள்கூட, பிரெஞ்சுப் பாட்டுக்கு இனிமை போதும் என்று விட்டுவிடுகிறீர்கள்.

இதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். பத்தொன்பதாம் நூற்றாண்டு பிரான்சில் பாட்டு ஒரு கலையாக வளர்ந்த வரலாறே, மெட்டு கவிதைக்குக் காது கொடுக்கக் கற்றுக்கொண்ட வரலாறுதான். அதற்கு அறுபது, எழுபது ஆண்டுகள் பிடித்தன. பலருடைய வாழ்நாள் அதில் கரைந்தது. சொல்லின் பொருளை விட்டுவிட்டு ஓசையை மட்டும் இழைத்துப் பாடும்போது, அவர்கள் எங்கிருந்து புறப்பட்டார்களோ அந்த இடத்துக்கே பாட்டைத் திருப்பிக் கொண்டுபோய் விடுகிறீர்கள்.

அந்த இடத்தின் பெயர் ரோமான்ஸ். பதினெட்டாம் நூற்றாண்டிலிருந்து பிரெஞ்சு வீடுகளின் கூடங்களில் பாடப்பட்ட எளிய காதல் பாட்டு அது. பெரும்பாலும் ஒரே மெட்டு. சரணம் எத்தனை இருந்தாலும் அதே மெட்டு திரும்ப வரும். துணைக்கு ஹார்ப்போ கிடாரோ பியானோவோ இருக்கும். அந்த வகையில் இன்றும் நிலைத்திருப்பது மார்த்தினி 1784இல் எழுதிய ‘ப்ளேசீர் தமூர்’. எல்விஸ் பிரெஸ்லி 1961இல் பாடிப் புகழ்பெற்ற காதல் பாட்டு ஒன்றின் மெட்டு இதிலிருந்து வந்ததுதான். உங்கள் காதில் அது எப்போதோ விழுந்திருக்கும். 1833இல் பாரிஸில் தொடங்கிய ‘லே மெனெஸ்த்ரெல்’ என்ற வார இதழ், இதழோடு ஒரு பாட்டையும் அச்சிட்டுக் கொடுத்தது. புத்தாண்டுப் பரிசாகக் கொடுப்பதற்கென்றே கல்லச்சுப் படங்களோடு ரோமான்ஸ் தொகுப்புகள் வெளிவந்தன. லுவீஸா ப்யூஜே அப்படி ஆண்டுதோறும் தொகுப்பு போட்டு வீட்டுக்கு வீடு தெரிந்த பெயரானார். போலின் துஷாம்பாஜ், தன் தோழியான கவிஞர் மார்சலீன் தேபோர்த்-வால்மோரின் கவிதைகளுக்கு இசையமைத்தார். ஓபரா மேடையில் இசையமைப்பாளராக நுழைவது பெண்களுக்கு அரிதாக இருந்த காலத்தில், தங்கள் பெயரில் இசை எழுதி விற்க அவர்களுக்குக் கிடைத்த வாசல் இந்தச் சிறிய பாட்டு. ஆகவே ரோமான்ஸை இழிவாகப் பேச எனக்கு மனமில்லை.

ஆனாலும் அதன் குறையைச் சொல்லத்தான் வேண்டும். முதல் சரணத்தில் வசந்தம், நான்காம் சரணத்தில் மரணம் என்றாலும் மெட்டு மாறாது. நான்கு நான்கு அளவையாகச் சதுரமாக வெட்டிய இசை. கவிதை அதற்குள் அடங்கியாக வேண்டும். பழைய கவிதை அடங்கிவிட்டது. 1820இல் லாமர்த்தீனின் ‘மெதிதாசியோன்’ வந்தது. 1829இல் விக்டர் ஹ்யூகோவின் ‘லே ஸோரியந்தால்’ வந்தது. அதன் பிறகு வாக்கியம் வரியின் ஓரத்தில் நிற்க மறுத்து அடுத்த வரிக்குள் பாய்ந்தது. நீண்ட மூச்சுக்குப் பின் சட்டென்று ஒரு குட்டை வரி வந்தது. சதுர மெட்டில் இதைப் பாடினால் வாக்கியம் நடுவில் முறியும், முக்கியமில்லாத அசை அழுத்தம் பெறும். கவிதைதான் முதலில் மாறியது. இசை அதன் பின்னால் ஓட வேண்டியதாயிற்று.

முதலில் ஓடியவர்களில் ஒருவர் சுவிட்சர்லாந்தில் பிறந்த லூயி நீதர்மேயர். லாமர்த்தீனின் ‘லே லாக்’ என்ற நீண்ட கவிதையை அவர் ஒரே மெட்டில் திணிக்கவில்லை. முதல் பகுதியைப் பேச்சுக்கு நெருக்கமான ஓட்டத்தில் விட்டு, உணர்ச்சி திரண்ட பிறகுதான் மெட்டுக்குள் நுழைந்தார். தன் கவிதைகளுக்கு மற்றவர்கள் இசை போடுவதை அவ்வளவாக விரும்பாத லாமர்த்தீன் இந்த ஒன்றை மெச்சினார். இப்போலித் மோன்பூ என்பவர் ஹ்யூகோவையும் முசேயையும் எடுத்துக்கொண்டு, இலக்கணம் பார்க்காத துணிச்சலோடு பாட்டு எழுதினார். அவர் பாட்டுகளில் கரடுமுரடு அதிகம், அதனால் இன்று யாரும் பாடுவதில்லை. ஆனால் புதுக் கவிதைக்குப் பழைய அச்சு பொருந்தாது என்று வெளிப்படையாகக் காட்டியவர் அவர்.

அப்போதுதான் ஷூபர்ட் பாரிஸுக்கு வந்தார். அவர் 1828லேயே இறந்துவிட்டார்; வந்தவை அவர் பாடல்கள். ரிஷோ என்ற பதிப்பாளர் பிரெஞ்சு மொழிபெயர்ப்போடு அவற்றை வெளியிட்டார். பாரிஸ் ஓபராவின் முதன்மை டெனர் அதோல்ஃப் நூரி, 1830களின் நடுவில் அவற்றைப் பொது மேடையில் பாடினார். லிஸ்ட் பியானோ வாசித்தார். பியானோ வெறும் தாளம் கொட்டுவதை விட்டுவிட்டுக் காற்றாக, குதிரையாக, ராட்டையாகப் பேச முடியும் என்பது பாரிஸ் இசைஞர்களுக்குப் பெரும் திறப்பாக இருந்தது. 1837இல் தூப்ரே என்ற புதிய டெனர், நெஞ்சுக் குரலில் உச்ச ஸ்தாயியை எட்டி ஓபரா ரசிகர்களை வசப்படுத்தினார். நூரி விலகி இத்தாலிக்குப் போனார். மனம் உடைந்த நிலையில் 1839 மார்ச்சில் நேப்பிள்ஸில் மாடியிலிருந்து குதித்து உயிரை விட்டார். உடல் மார்செய் வழியாகப் பாரிஸுக்குக் கொண்டுவரப்பட்டது. அப்போது உடல்நலம் தேறுவதற்காக மார்செயில் தங்கியிருந்த ஷொப்பேன், அங்கே நடந்த நினைவு வழிபாட்டில் ஆர்கன் வாசித்தார். அவர் எடுத்துக்கொண்டது நூரி பாடிய ஒரு ஷூபர்ட் பாட்டு. பிரெஞ்சுப் பாட்டின் வரலாற்றில் நூரி ஒரு வரி எழுதியவரல்ல. ஆனாலும் அவரைக் கடந்து என்னால் போக முடிவதில்லை. உரத்த குரலே பெருமை என்று ஓபரா மேடை மாறிய வேளையில், சிறு கூடத்துப் பாட்டையும் ஒரு பெரிய பாடகன் தன் முழுத் திறமையோடு பாடலாம் என்று நிறுவிவிட்டுப் போனவர் அவர்.

ஷூபர்ட் வழி காட்டினார் என்றாலும் அவரை அப்படியே எடுத்துக்கொள்ள முடியவில்லை. ஜெர்மன் சொல்லுக்கு உள்ளேயே அழுத்தம் உண்டு. ஓர் அசை தடித்து நிற்கும். பிரெஞ்சில் தனிச் சொல்லுக்கு அப்படி நிலையான அழுத்தம் கிடையாது. சொற்கள் கோத்துக்கொண்டு ஓடி, தொடரின் கடைசி நிறைவான அசையில் போய் அமரும். ஜெர்மன் அழுத்தத்துக்காக எழுதிய இசையில் பிரெஞ்சுச் சொற்களை உட்கார்த்தினால் கேட்பவருக்கு ஒவ்வாமல்தான் இருக்கும். பிரெஞ்சுக்கென்று தனி வழி தேவைப்பட்டது. அந்த வழியில் வந்த பாட்டைத்தான் ‘மெலொதி’ என்கிறார்கள்.

பெர்லியோஸ் 1830இலேயே, அயர்லாந்துக் கவிஞர் தாமஸ் மூரின் கவிதைகளுடைய பிரெஞ்சு மொழிபெயர்ப்புகளுக்கு இசையமைத்து, ‘ஒன்பது மெலொதிகள்’ என்று வெளியிட்டிருந்தார். ஆனால் அவருடைய பெரிய சாதனை ‘லே நுயி தெத்தே’, அதாவது ‘கோடை இரவுகள்’. தியோஃபில் கோத்தியே 1838இல் வெளியிட்ட தொகுப்பிலிருந்து ஆறு கவிதைகள். 1841இல் குரலுக்கும் பியானோவுக்குமாக வந்தன. பெர்லியோஸுக்குப் பியானோ வாசிக்க வராது. கிடாரும் புல்லாங்குழலும்தான் அவர் கருவிகள். அந்தப் பியானோ தாளை வாசிக்கும்போதே, விரலுக்குப் பழகாத, வேறெதையோ மனத்தில் கேட்டு எழுதிய இசை என்று தெரிந்துவிடும். பிறகு அவரே அவற்றை வாத்தியக் குழுவுக்கு மாற்றி எழுதினார். ‘அப்ஸான்ஸ்’ 1843இல், மற்றவை 1856இல். அப்படி மாற்றும்போது எல்லாவற்றுக்கும் ஒரே குரல் என்று வைக்காமல், வெவ்வேறு வகைக் குரல்களைக் குறிப்பிட்டார். இன்று ஆறையும் ஒரே குரலில் பாடுவது வழக்கமாகிவிட்டது. அதனால், உங்கள் குரலுக்கு இரண்டுதான் பொருந்துகிறது என்றால் அந்த இரண்டை மட்டும் பாடத் தயங்காதீர்கள்.

அந்த ஆறில் ‘லே ஸ்பெக்த்ர் த லா ரோஸ்’ என்ற பாட்டைக் கவனியுங்கள். ஒரு பெண் நடனத்துக்குச் சூடிச்சென்ற ரோஜாவின் ஆவி அவளுடைய உறக்கத்தில் வந்து பேசுகிறது. சரணத்துக்குச் சரணம் இசை வேறாகிறது. தொடக்கத்தில் பழக்கமான மெட்டுபோல் வருவது அடுத்த சரணத்தில் வேறு பக்கம் திரும்பிவிடும், ஏனென்றால் ஆவி சொல்லும் சேதி திரும்பிவிட்டது. ரோமான்ஸில் நடக்க முடியாதது இதுதான். இதை ஒரே இனிமையில் முதலிலிருந்து கடைசிவரை பாடுகிறவர், பெர்லியோஸ் எழுதியதைப் பாடவில்லை.

அடுத்து கூனோ. அவருடைய ‘ஃபாவுஸ்ட்’ ஓபராவும் ‘ஆவே மரியா’வும் உங்களுக்குத் தெரியும். பாட்டுகள் அவ்வளவாகத் தெரியாது. 1839இல் ‘ப்ரி த ரோம்’ பரிசு பெற்று ரோமுக்குப் போன இளைஞர், அங்கே லாமர்த்தீனின் ‘லே வலோன்’, ‘லே சுவார்’ கவிதைகளுக்கு இசையமைத்தார். 1840இல் ரோமுக்கு வந்திருந்த ஃபான்னி ஹென்செல், அதாவது மெண்டல்சனின் அக்கா, பாக்கையும் பேத்தோவனையும் பியானோவில் வாசித்துக் காட்டியதைக் கேட்டுக் கிறுகிறுத்துப் போனார் கூனோ. ஃபான்னி தானே மிகச் சிறந்த பாடல்களை எழுதியவர். கூனோவின் சாதனை ஆரவாரமில்லாதது. பியானோவை எளிமையாக வைத்துக்கொண்டு, குரலின் கோட்டைப் பிரெஞ்சு வாக்கியத்தின் ஓட்டத்தோடு அப்படியே நீள விட்டார். அழுத்தம் தொடரின் முடிவில் விழ வேண்டுமென்றால் அங்கேதான் விழும். முசேயின் ‘வெனீஸ்’ கவிதைக்கு அவர் எழுதிய பாட்டைப் பாடிப் பாருங்கள். குரல் எங்கும் வலிந்து நிற்காது. பிரான்சில் மெலொதியின் உண்மையான நிறுவனர் கூனோதான் என்று ராவெல் பிற்காலத்தில் எழுதினார். பெர்லியோஸின் மேதைமையை எவ்வளவு வணங்கினாலும், ராவெல் சொன்னதே சரி என்று நானும் நினைக்கிறேன். பெர்லியோஸின் வழியில் அடுத்தவர் நடக்க முடியாது. கூனோவின் வழியில் பிஸே, மாஸ்னே, ஃபோரே எல்லோரும் நடந்தார்கள்.

இந்தப் பாட்டுகள் பாடப்பட்ட இடத்தையும் நீங்கள் மனத்தில் வைக்க வேண்டும். பாரிஸில் தூயே தெருவில் போலின் வியார்தோவின் வீடு. வியாழக்கிழமைகளில் அங்கே இசை. ஸ்பானியப் பாடகர் மனுவேல் கார்சியாவின் மகள், ஐரோப்பாவின் பெரிய மேட்ஸோ குரல்களில் ஒன்று, பியானோ கலைஞர், இசையமைப்பாளர் என்று ஒருவரே பலராக இருந்தவர் அவர். கூனோவின் முதல் ஓபரா மேடையேறக் காரணமானவர். சான்-சான்ஸ் தன் ‘சாம்சோன் எ தலீலா’ ஓபராவை அவருக்குக் காணிக்கையாக்கினார். வியார்தோ ஷொப்பேனின் மசூர்க்காக்களுக்குச் சொல் பொருத்திப் பாடினார். சொந்தமாகவும் நிறையப் பாடல்கள் எழுதினார். 1872இல் சான்-சான்ஸ் தன் மாணவர் ஃபோரேயை அங்கே அழைத்துப் போனார். ஃபோரே அந்த வீட்டின் மகள் மரியானைக் காதலித்து, 1877இல் நிச்சயமாகி, சில மாதங்களில் அந்தப் பெண் விலகிக்கொண்டதும் அந்தச் சூழலில்தான். அத்தகைய கூடங்களில் ஐம்பது பேர் உட்கார்ந்தாலே கூட்டம். பாடுபவர் முகம் எல்லோருக்கும் தெரியும், மெய்யெழுத்தின் முனகல்கூடக் கேட்கும். ஆயிரம் பேர் அரங்குக்கான குரலை அந்தப் பாட்டின்மேல் ஏற்றுவது எனக்கு வருத்தம் தருகிறது.

1870இல் பிரஷ்யாவோடு போர். பாரிஸ் முற்றுகை. ஓவியர் ஆன்ரி ரெஞ்யோ நல்ல குரல் வளம் உள்ளவர், சான்-சான்ஸின் நண்பர்; அவர் 1871 ஜனவரியில் பூஸன்வால் சண்டையில் மாண்டார். அடுத்த மாதம், பிப்ரவரி 25இல், சான்-சான்ஸும் ரொமேன் பூசீனும் தேசிய இசைச் சங்கத்தைத் தொடங்கினார்கள். உயிரோடிருக்கும் பிரெஞ்சு இசையமைப்பாளர்களுக்கு மேடை கொடுப்பதே அதன் வேலை. ஓபராவில் பெயர் வாங்காதவருக்கு மதிப்பில்லை என்ற ஊரில், நாலு நிமிடப் பாட்டுக்கும் நாற்குழு இசைக்கும் சங்கம் தனி மதிப்பு கொடுத்தது. பூசீன் குரலிசை ஆசிரியர். நீங்கள் எல்லோரும் பாடும் ‘அப்ரே அன் ரேவ்’ இருக்கிறதே, அதன் பிரெஞ்சுச் சொற்கள் அவருடையவை. பெயர் தெரியாத ஒரு தஸ்கனிப் பாடலைத் தழுவி எழுதினார். கனவில் கண்டவளோடு வானத்துக்கு எழுந்து போனவன், விழித்தபின் அந்த இரவையே திருப்பிக் கேட்கிறான். கடைசிப் பகுதி ஒரு மன்றாட்டு. கசால்ஸ் செல்லோவுக்கு மாற்றி வாசித்த பிறகு அந்த மெட்டு சொல்லில்லாமலே உலகைச் சுற்றிவிட்டது. அதனால்தானோ என்னவோ நீங்களும் சொல்லில்லாமலே பாடுகிறீர்கள்.

சங்கத்தின் முதல் செயலர்களில் ஒருவர் ஆன்ரி துபார்க். இவரைப் பற்றிச் சற்று நிறுத்திச் சொல்ல வேண்டும். 1848இல் பிறந்தவர், சேசர் ஃப்ராங்கின் மாணவர். 1870இல், இருபத்திரண்டு வயதில், போதலேரின் ‘லேன்விதாசியோன் ஓ வுவாயாஜ்’ கவிதைக்கு இசையமைத்தார். காதலியைத் தொலைதூர நாட்டுக்கு அழைக்கும் கவிதை. மூன்று சரணங்களில் நடுச் சரணத்தை அவர் எடுத்துக்கொள்ளவில்லை. அது ஓர் அறையை வருணிப்பது. பளபளப்பேறிய மரச் சாமான்கள், பூக்கள், கீழை நாட்டு அலங்காரம். துபார்க் அறைக்குள் நுழைய விரும்பவில்லை. வானமும் கப்பல்களும் போதும் என்று முடிவு செய்தார். கவிதையை வெட்டுவது பாவம்தான், ஆனால் இந்த வெட்டில் ஒரு வாசகனின் தீர்மானம் இருக்கிறது. பியானோவின் அடியில் ச–ப மட்டும் விடாமல் ஒலிக்கிறது. மேலே வலக்கை அசைந்துகொண்டே இருக்கிறது. அந்த நாட்டில் எல்லாமே ஒழுங்கும் அமைதியும் என்று சொல்லும் பல்லவி வரும்போது அசைவு அடங்கி, குரல் ஏறக்குறைய ஒரே சுரத்தில் நிற்கிறது. வேறொரு இசையமைப்பாளர் அந்த இடத்தில் மிக அழகான மெட்டைப் போட்டிருப்பார். துபார்க் மெட்டையே விலக்கினார், ஏனென்றால் கவிதை அங்கே அசையாமல் நிற்கிறது. உங்களில் சிலர் அந்த ஒற்றைச் சுரத்தில் சலிப்படைந்து, குரலை விரித்துச் சுருக்கி அலங்கரிக்கிறீர்கள். தயவுசெய்து வேண்டாம். அந்த வெறுமையை உண்டாக்க அவர் துணிந்தார்; அதை நிரப்புவது நம் வேலையல்ல.

1884இல் போதலேரின் இன்னொரு கவிதையான ‘லா வீ அந்தேரியர்’. அடுத்த ஆண்டோடு துபார்க் இசை எழுதுவதை நிறுத்திவிட்டார். வயது முப்பத்தேழு. நரம்புத் தளர்ச்சி, தன் எழுத்தின் மீதே தீராத அதிருப்தி. தொடங்கியிருந்த ஓபராவை அழித்தார். பின்னர் பார்வையும் போயிற்று. 1933வரை வாழ்ந்தார். ஓர் இருகுரல் பாட்டையும் சேர்த்து அவர் விட்டுச்சென்ற பாடல்கள் 17தான். அந்தப் பதினேழில் பாதியாவது உலகின் மிகச் சிறந்த பாடல்களில் சேரும் என்பதில் எனக்கு ஐயமே இல்லை.

ஃபோரே இதற்கு நேர்மாறு. நிதானமானவர், நீண்ட காலம் எழுதியவர், நூறு பாடல்கள்வரை விட்டுச்சென்றவர். 1854இல், ஒன்பது வயதில், பிரான்சின் தெற்கிலிருந்து பாரிஸுக்கு ஒரு பள்ளியில் சேர வந்தார். அது ‘லே லாக்’ எழுதிய அதே நீதர்மேயர், தேவாலய இசைஞர்களை உருவாக்க 1853இல் நிறுவிய பள்ளி. அங்கே பழைய கிறித்துவக் கீதங்களின் சுர முறைகளைச் சிறுவயதிலேயே பயின்றார். 1861இல் அங்கே ஆசிரியராக வந்த சான்-சான்ஸ், பாடத்திட்டத்தில் இல்லாத ஷூமனையும் லிஸ்ட்டையும் மாணவர்களுக்கு வாசித்துக் காட்டினார். தேவாலயப் பள்ளியில் கற்ற பழைய சுர முறைதான் பின்னாளில் ஃபோரேயின் காதல் பாட்டுக்குத் தனி நிறம் கொடுத்தது. லெகோன்த் த லீலின் ‘லிதியா’ கவிதைக்கு இசையமைத்தபோது, பெண்ணின் பெயருக்கு ஏற்ப லிதியன் முறையைத் தொட்டார். கர்நாடக இசை கற்ற உங்களில் பலருக்கு அது கல்யாணியின் பிரதி மத்யமமாகக் கேட்கும். கேட்டதும் கமகம் போடக் கை, மன்னிக்கவும், குரல் துடிக்கும். அந்தச் சுரம் இங்கே நேராக நிற்க வேண்டும்; அது அசைந்தால் கீழே பியானோவின் இணைவு குலைந்துவிடும்.

1887இல் ஃபோரே கவிஞர் வெர்லேனை வந்தடைந்தார். முதல் பாட்டு ‘க்ளேர் த லூன்’. இதில் பியானோ தனக்கென்று ஒரு மினுவே நடனத்தைத் தொடங்கி வாசித்துக்கொண்டிருக்கிறது. குரல், வழியில் போகிற ஒருவர் அதைக் கேட்டு நின்று பேசுவதுபோல, நடுவில் நுழைகிறது. துணை வாசிப்பவள் என்ற முறையில் ஒன்று கேட்டுக்கொள்கிறேன்: அந்தப் பாட்டில் உங்களுக்காக நான் மெதுவாகப் போக மாட்டேன். நடனம் நிற்காது. ஃபோரே காலப்பிரமாணத்தில் மிகக் கண்டிப்பானவர் என்று அவரோடு பணியாற்றிய பாடகர்கள் சொல்லியிருக்கிறார்கள். முகமூடி அணிந்தவர்கள் மகிழ்ச்சியைப் பாடிக்கொண்டே அதை நம்பாமலிருக்கிறார்கள் என்பது கவிதை. நடனம் தடைபடாமல் போனால்தான் அந்தத் துயரம் கேட்கும்.

1891இல் ஃபோரேயை வெனீஸுக்கு அழைத்துப் போய் உபசரித்தவர் வினரெட்டா சிங்கர். பின்னாளில் போலின்யாக் இளவரசி என்று பெயர்பெற்றவர். நம் ஊர் வீடுகளில் பாட்டிகள் மிதித்த அதே சிங்கர் தையல் மிஷினின் குடும்பத்துப் பெண். அந்தச் செல்வத்தின் ஒரு பகுதி பிரெஞ்சு இசைக்குப் போய்ச் சேர்ந்தது. வெனீஸில் தொடங்கிய ஐந்து வெர்லேன் பாடல்களும், 1892க்கும் 1894க்கும் இடையில் எழுதிய ‘லா போன் ஷான்ஸோன்’ தொகுப்பின் ஒன்பது பாடல்களும் ஃபோரேயின் உச்சம். ஒன்பதையும் அவ்வப்போது பாடிப் பார்த்துக் கருத்துச் சொன்னவர் எம்மா பார்தாக். அவர் பிற்பாடு தெபுஸ்ஸியின் மனைவியானார். அந்தக் கவிதைகளை வெர்லேன் எழுதியது தான் மணக்கவிருந்த மத்தில்துக்காக. மத்தில்தின் தாயார்தான் சிறுவன் தெபுஸ்ஸிக்குப் பியானோ சொல்லிக்கொடுத்தவர். பாரிஸ் அவ்வளவு சிறிய ஊராக இருந்திருக்கிறது. ‘லா போன் ஷான்ஸோன்’ வெளிவந்தபோது சான்-சான்ஸ் தன் மாணவருக்குப் புத்தி பேதலித்துவிட்டது என்று நினைத்தார். இளைஞர் ப்ரூஸ்ட் மயங்கிப்போனார். பாடிப் பார்த்தால் இருவர் பக்கமும் உங்களுக்கு விளங்கும். மெட்டுகள் ஒரு பாட்டிலிருந்து இன்னொன்றுக்குள் புகுந்து, சுருதி எங்கே நிற்கிறது என்று பிடிபடுவதற்குள் நகர்ந்துவிடும்.

இதோடு வரலாற்றை நிறுத்துகிறேன். தெபுஸ்ஸி வேறு உலகத்தைத் தொடங்குகிறார். அதற்குத் தனி மடல் வேண்டும்.

இனி உங்கள் நாக்கைப் பற்றி. பிரெஞ்சு நமக்கு வராது என்ற அச்சத்தை விடுங்கள். ‘வந்தேன்’, ‘மரம்’ என்ற சொற்களைப் பேச்சில் எப்படிச் சொல்கிறீர்கள் என்று கவனியுங்கள். கடைசி மெய்யை நாக்கோ உதடோ முழுதாக மூடிச் சொல்வதில்லை. உயிரொலி மூக்கில் போய் முடிகிறது. பிரெஞ்சின் மூக்கொலி உயிர்கள் அதற்கு மிக அருகில் இருப்பவை. ஆனால் பாட்டு என்றதும் நீங்கள் ‘ன்’ என்று தெளிவாக மூடிவிடுகிறீர்கள். பேசுவதுபோலவே பாடுங்கள். அடுத்து, சொல்லின் ஈற்றில் வரும் ஊமை ‘எ’. பேச்சில் விழுந்துவிடும் இந்த ஒலி செய்யுளில் ஓர் அசையாக நிற்கும். அடுத்த சொல் உயிரில் தொடங்கினால் மறைந்துவிடும். நம் குற்றியலுகரம் மாத்திரை குறைந்து ஒலிப்பதும், ‘வீடு’ம் ‘இல்லை’யும் சேர்ந்து ‘வீடில்லை’ ஆவதும் உங்களுக்குத் தெரியும். அந்தப் பழக்கம் ஏற்கெனவே உங்களிடம் இருக்கிறது. ஊமை ‘எ’வுக்கு இசையமைப்பாளர் தனிச் சுரம் கொடுத்திருந்தாலும் அதைக் குற்றியலுகரமாகவே பாடுங்கள், லேசாக, அழுத்தமில்லாமல். தொடரின் கனம் அதற்கு முந்தைய அசையில் இருக்கட்டும். கடினமானது உதட்டைக் குவித்துக்கொண்டு ‘ஈ’ சொல்லும் அந்த ஒலிதான். அது நம்மிடம் இல்லை. கண்ணாடி முன் நின்று பழகுவதைத் தவிர வேறு வழி கிடையாது.

கேட்க வேண்டியவர்களையும் சொல்லிவிடுகிறேன். ‘கோடை இரவுகள்’ தொகுப்புக்கு 1963இல் ரெஜீன் கிரெஸ்பேன், அன்செர்மே நடத்திய குழுவோடு செய்த பதிவு. ஃபோரேயின் பாடல்கள் முழுவதையும் எல்லி அமெலிங்கும் ஜெரார் சூஸேயும் டால்டன் பால்ட்வினின் பியானோவோடு பாடியிருக்கிறார்கள். எல்லாவற்றுக்கும் முன்னால் ஷார்ல் பன்ஸேரா, தன் மனைவி மக்தலேனின் துணை வாசிப்போடு பாடிய பழைய துபார்க் பதிவுகள். 1922இல் ஃபோரேயின் கடைசிப் பாடல் தொகுப்பை முதன்முதலாக மேடையேற்றியவர் அவர். நம் சிற்றிதழ்களில் நீங்கள் பெயர் கேட்டிருக்கக்கூடிய ரோலான் பார்த், இளமையில் இவரிடம் பாட்டுக் கற்றவர். குரலில் மொழியின் உடம்பே கேட்கிறது என்ற பொருளில் 1972இல் அவர் எழுதிய கட்டுரைக்கு ஆதாரம் பன்ஸேராவின் பாட்டுதான். பழைய பதிவின் இரைச்சலைப் பொறுத்துக்கொள்ளுங்கள். குரலைக் காட்டிக்கொள்ளாமல் சொல்லை மட்டும் முன்னே நிறுத்துவது எப்படி என்று அவர் பாடக் கேட்டால் புரியும்.

கடைசியாக இரண்டு வேண்டுகோள்கள். அடுத்த ஒத்திகைக்கு வரும்போது கவிதையைத் தனித் தாளில், இசை இல்லாமல், வரி வரியாக எழுதிக்கொண்டு வாருங்கள். ஒவ்வொரு சொல்லுக்கும் கீழே தமிழில் பொருள். பியானோவைத் திறப்பதற்கு முன் அதை எனக்கு வாசித்துக் காட்ட வேண்டும். எல்லோரும் அந்த இரண்டு மூன்று பாட்டுகளையே கொண்டுவருவதையும் மாற்றிக்கொள்ளுங்கள். கூனோவின் ‘வெனீஸ்’ இருக்கிறது. ஹ்யூகோவின் கவிதைக்கு பிஸே 1866இல் எழுதிய அரபுப் பெண்ணின் விடைகொடுத்தல் இருக்கிறது. அதே ஹ்யூகோவுக்கு லிஸ்ட் எழுதிய ‘ஓ கான் ஜ தோர்’ இருக்கிறது. வியார்தோ, ஒகுஸ்தா ஓல்மெஸ், சேசில் ஷமினாத் என்று பெண்கள் எழுதியவை ஏராளம்; பழைய அச்சுப் பிரதிகள் இணையத்தில் இலவசமாகவே கிடைக்கின்றன. எதை எடுப்பது என்று தெரியாவிட்டால், உங்களுக்குப் பிடித்த கவிதை எது என்று முதலில் சொல்லுங்கள். அதற்கு யார் யார் இசையமைத்திருக்கிறார்கள் என்று சேர்ந்து தேடுவோம்.

அன்புடன்,
உங்களுக்குத் துணை வாசிப்பவள்